அரையால் வகுத்தால் ஏன் கூடுகிறது?

சுவிஸ் 50 ராப்பன் நாணயத்தைப் புரட்டிப் பாருங்கள். அதில் 50 என்ற எண் இராது. ½ பிராங்க் என்றுதான் பொறித்திருக்கும். 10 ராப்பன் காசைவிடச் சிறிய காசு அது. ஆனால் பின்னக் கணக்குச் சொல்லிக் கொடுக்க இதைவிட நல்ல பொருளை நீங்கள் எந்தக் கடையிலும் வாங்க முடியாது. ஏழு பிராங்கை மேசையில் வைத்து, "இவ்வளவையும் அரைப் பிராங்க் காசாக மாற்றினால் எத்தனை காசு வரும்?" என்று பிள்ளையிடம் கேளுங்கள். இரண்டாம் வகுப்புப் பிள்ளைகூடச் சற்று யோசித்து 14 என்று சொல்லிவிடும். அந்தப் பிள்ளை செய்தது 7 : ½ = 14 என்ற கணக்கு. சில வருடம் கழித்து அதே 7 : ½ கொப்பியில் வரும்போது, அதே பிள்ளை யோசிக்காமல் 3½ என்று எழுதுகிறது. காசு கையில் இருந்தபோது தெரிந்த ஒன்று, எண்ணாக எழுதியதும் தெரியாமல் போய்விட்டது. அந்தத் தொடுப்பைத் திரும்பக் கட்டிக் கொடுப்பதுதான் இந்த அத்தியாயத்தில் பெற்றோருக்கு வேலை.

நம்மில் பலர் இலங்கையில் படித்தவர்கள். பின்னத்தால் வகுத்தல் என்றதும் ‘இரண்டாவதைக் கவிழ்த்துப் பெருக்கு’ என்ற விதி வாயில் வந்து நிற்கும். விதி சரியானதுதான். ஆனாலும் அதை முதல் நாள் கொடுக்க வேண்டாம் என்பதே என் உறுதியான கருத்து. வசனக் கணக்கில் பிள்ளை தடுமாறுவது கவிழ்க்கும் இடத்தில் இல்லை. இங்கே வகுக்கத்தான் வேண்டுமா, வகுப்பதென்றால் எதை எதால் வகுப்பது என்பதில்தான் அது நிற்கிறது. அதற்கு விதி எந்த உதவியும் செய்யாது.

இது பிள்ளைகளுக்கு மட்டும் உள்ள சிக்கல் என்று நினைக்க வேண்டாம். லிப்பிங் மா என்ற ஆய்வாளர் 1999இல் வெளியிட்ட நூலில், அமெரிக்காவிலும் சீனாவிலும் ஆரம்பப் பள்ளி ஆசிரியர்களிடம் ஒரே கணக்கைக் கொடுத்துப் பார்த்த விவரம் இருக்கிறது. கணக்கு 1¾ ஐ ½ ஆல் வகுப்பது. விடை காண வேண்டும், அந்தக் கணக்கு பொருந்தும் ஒரு கதையும் சொல்ல வேண்டும். அமெரிக்க ஆசிரியர்கள் 23 பேரில் சரியான விடை கண்டவர்கள் 9 பேர். பொருந்தும் கதை சொன்னவர் ஒருவர்தான். சீன ஆசிரியர்கள் 72 பேரும் சரியான விடை சொன்னார்கள்; 65 பேர் பொருத்தமான கதையும் சொன்னார்கள். தவறிய கதைகள் பெரும்பாலும் ஒரே வழியில் தவறின: அரையால் வகுக்கச் சொன்னால், இரண்டு பேருக்குப் பகிர்ந்து கொடுத்தார்கள். நம் பிள்ளை 3½ என்று எழுதியதும் இதே வழியில்தான்.

குறியும் வகுப்பும்

விடயத்துக்குள் போகுமுன் ஒரு சின்னத் தடையை விலக்கிவிடுவோம். சுவிஸ் பள்ளியில் வகுத்தலுக்கு இரண்டு புள்ளிதான் குறி: 7 : ½. நாம் பழகிய ÷ குறியைப் பிள்ளை கணிப்பானில் பார்த்திருக்கும், கொப்பியில் எழுதாது. அந்த ÷ குறி வகுத்தலுக்காக முதலில் அச்சேறியதே சூரிச்சில்தான். யோஹான் ஹைன்றிக் ரான் என்பவர் 1659இல் அங்கே வெளியிட்ட இயற்கணித நூலில் அது வந்தது. ஆங்கிலேயர் அதை எடுத்துக்கொண்டார்கள், அவர்களிடமிருந்து நம் ஊர்ப் பள்ளிக்கு வந்தது; பிறந்த ஊரில் நிலைக்கவில்லை. வீட்டில் சொல்லிக் கொடுக்கும்போது நீங்களும் இரண்டு புள்ளியே போடுங்கள். பிள்ளைக்கு ஒரு குழப்பம் குறையும்.

ஜெர்மன் மொழி பேசும் மாநிலங்களின் பொதுப் பாடத்திட்டமான லேர்ப்ளான் 21, கட்டாயக் கல்வியின் 11 வருடங்களை மூன்று சுற்றாகப் பிரிக்கிறது. அரை, கால், முக்கால் எல்லாம் ஆரம்பப் பள்ளியிலேயே வந்துவிடும். பின்னத்தால் வகுக்கும் விதி முறையாக வருவது பெரும்பாலும் மூன்றாம் சுற்றில், அதாவது 7ஆம் வகுப்பிலிருந்து. ஆனால் விதி வரும்வரை கணக்கு காத்திருப்பதில்லை. ‘3 லீற்றரில் எத்தனை கால் லீற்றர்?’ என்ற கேள்வி நாலாம் வகுப்பிலேயே வரலாம். சூரிச் மாநிலத்தில் 6ஆம் வகுப்பில் கிம்னாசிய நுழைவுத் தேர்வு எழுதும் பிள்ளைகளுக்கு ஜெர்மனும் கணிதமும்தான் பாடங்கள். கணிதத் தாளில் வசனக் கணக்குகளுக்குக் குறைவிராது. ஆகவே விதி தெரியாமலே இந்தக் கணக்கைச் செய்யத் தெரிந்திருப்பது நல்லது. முடியும் என்பதைக் கீழே காண்போம்.

எத்தனை தரம் அடங்கும்?

முழு எண்ணைப் பின்னத்தால் வகுக்கும் வசனக் கணக்குகள் பெரும்பாலும் இரண்டு வகை. முதல் வகை ‘எத்தனை தரம் அடங்கும்?’ என்று கேட்கிறது.

தமிழ்ப் பாடசாலை விழாவுக்கு 6 லீற்றர் தேசிக்காய்த் தண்ணி கரைத்திருக்கிறீர்கள். ஒரு குவளைக்குக் கால் லீற்றர். எத்தனை குவளை நிரப்பலாம்? இங்கே யாருக்கும் பகிரவில்லை. 6 லீற்றருக்குள் கால் லீற்றர் எத்தனை தரம் இருக்கிறது என்று அளக்கிறோம். ஒரு லீற்றரில் நாலு தரம், 6 லீற்றரில் 24 தரம். எனவே 6 : ¼ = 24. அளக்கும் பாத்திரம் சிறியதானால் எண்ணிக்கை கூடத்தான் செய்யும். ‘வகுத்தால் எண் குறையும்’ என்று சின்ன வகுப்பில் பிள்ளை தானாகப் படித்துக்கொண்ட தவறான பாடம் இந்த இடத்தில்தான் உடைய வேண்டும். அதை வாயால் சொல்லித் திருத்த முடியாது. அளவுக் குவளையை எடுத்து, குழாய்த் தண்ணீரில் ஊற்றிக் காட்டுங்கள். சுவிஸ் சமையலறைக் குவளைகளில் டெசிலீற்றர்க் கோடு போட்டிருக்கும். கால் லீற்றர் என்பது 2½ டெசி.

வகுக்கும் எண் காலோ அரையோ ஆக இருக்கும்வரை பிள்ளைக்குச் சிரமமில்லை. முக்கால் வந்தால்தான் நிற்கும். இப்போது ஒரு போத்தலுக்கு ¾ லீற்றர், தண்ணி அதே 6 லீற்றர். சதுரக் கோட்டுக் கொப்பியை எடுங்கள். ஒரு லீற்றருக்கு நாலு சதுரம் நீளத்தில் ஒரு பெட்டி, அப்படி ஆறு பெட்டி வரையச் சொல்லுங்கள். பிறகு கேள்வி மட்டும் கேளுங்கள், விடை சொல்லாதீர்கள்.

"ராசா, ஒரு லீற்றருக்குள்ளை எத்தினை கால்?"

"நாலு."

"ஆறு லீற்றருக்குள்ளை?"

"இருபத்திநாலு."

"ஒரு போத்தலுக்கு எத்தினை கால் போகுது?"

"மூண்டு."

"அப்ப?"

"எட்டுப் போத்தல்."

பிள்ளை செய்தது என்ன? 6 லீற்றரையும் ¾ லீற்றரையும் ஒரே அலகுக்கு, அதாவது காலுக்கு மாற்றியது. 24 காலை 3 காலால் வகுத்தது. இனி அது வெறும் 24 : 3. பின்னமே காணாமல் போய்விட்டது. எந்தக் கணக்குக்கும் இந்த வழி பொருந்தும்: ⅔ ஆல் வகுக்க வேண்டுமானால் எல்லாவற்றையும் மூன்றிலொன்றுகளாக மாற்று, ⅝ ஆனால் எட்டிலொன்றுகளாக மாற்று. விதியைவிட இது நீளம் என்பது உண்மை. ஆனால் பிள்ளை மறக்காது, மறந்தாலும் படம் வரைந்து மீட்டுக்கொள்ளும்.

பின்னத்தைச் சதுரமாக வரைந்து காட்டும் பழக்கம் இந்த நாட்டில் இருநூறு வருடப் பழமையானது. சூரிச்சில் 1746இல் பிறந்து, புர்க்டோர்ஃபிலும் பின்னர் இவெர்டோனிலும் பள்ளி நடத்திய பெஸ்தலோட்சி, பிள்ளைகளுக்குப் பின்ன அட்டவணை ஒன்றைச் செய்து கொடுத்தார். முதல் வரிசையில் முழுச் சதுரங்கள். அடுத்த வரிசையில் ஒவ்வொரு சதுரமும் இரண்டாக, அதற்கடுத்து மூன்றாக, இப்படிப் பத்துவரை. பிள்ளை முதலில் கண்ணால் பார்க்க வேண்டும், பிறகு வாயால் சொல்ல வேண்டும், எழுத்தில் போடுவது கடைசி என்பது அவருடைய ஒழுங்கு. நம் வீட்டு மேசைக்கும் அந்த ஒழுங்கே போதும்.

நேரக் கணக்குகளும் இந்த வகையில்தான் சேரும். சுவிஸ் ரயில்கள் 1982இலிருந்து சீரான இடைவெளி ஒழுங்கில் ஓடுகின்றன; மணிக்கொன்று, அரைமணிக்கொன்று, கால்மணிக்கொன்று என்பது பிள்ளைக்குப் பழகிய விடயம். சூரிச் ட்ராம் பகலில் பல தடங்களில் 7½ நிமிடத்துக்கொன்று வரும். அது மணியில் ⅛, வீட்டில் அப்பம்மா இருந்தால் அரைக்கால் மணி என்பார். 3 மணி நேரத்தில் எத்தனை இடைவெளி? 3 : ⅛ = 24. கவனம், இது இடைவெளிகளின் எண்ணிக்கை. 2 மணிக்கு வரும் ட்ராமையும் 5 மணிக்கு வரும் ட்ராமையும் சேர்த்து எண்ணச் சொன்னால் 25 ட்ராம். கணக்குத் தாளில் இப்படி ஒன்று வந்தால் பிள்ளையை இரண்டு முறை வாசிக்கச் சொல்லுங்கள்.

முழுதுக்கு எவ்வளவு?

இரண்டாவது வகையைப் பல வழிகாட்டிகள் தொடுவதே இல்லை. பிள்ளைகள் அதிகம் தவறுவது இதில்தான் என்பதால் நான் அதை விட முடியாது.

உங்களிடம் ஹல்ப்டாக்ஸ் அட்டை இருக்கிறது. ஒரு பயணத்துக்கு 18 பிராங்க் கொடுத்தீர்கள். அது முழுக் கட்டணத்தில் அரைவாசி. முழுக் கட்டணம் எவ்வளவு? 36 என்று பிள்ளை உடனே சொல்லும். எப்படிச் செய்தாய் என்றால் ‘இரண்டால் பெருக்கினேன்’ என்னும். அதுவும் சரி. ஆனால் கணக்காக எழுதினால் அது 18 : ½. இங்கே 18க்குள் அரை எத்தனை தரம் அடங்கும் என்று கேட்பதில் பொருளில்லை. அரைப் பங்கு 18 என்றால் ஒரு முழுப் பங்கு எவ்வளவு என்பதே கேள்வி.

முக்கால் வந்தால் பாருங்கள். மலைப் பாதைகளில் உள்ள மஞ்சள் பலகைகள் தூரத்தைச் சொல்லாமல் நடக்கும் நேரத்தையே சொல்வதைக் கவனித்திருப்பீர்கள். ஒரு குடும்பம் 3 மணி நேரம் நடந்து பாதையின் ¾ பங்கைக் கடந்தது. அதே வேகத்தில் முழுப் பாதைக்கும் எத்தனை மணி? பெரும்பாலான பிள்ளைகள் 3 இன் முக்கால் எடுத்து 2¼ என்பார்கள். திட்ட வேண்டாம். "முழுப் பாதைக்கு மூன்று மணியை விடக் கூடவா, குறையவா?" என்று மட்டும் கேளுங்கள். அந்தக் கேள்வியிலேயே பாதிப் பிள்ளைகள் திருந்திவிடுவார்கள். மீதி வேலைக்கு ஒரு நீளக் கோடு போட்டு நாலு சமபாகமாக்குங்கள். மூன்று பாகத்துக்கு 3 மணி, ஒரு பாகத்துக்கு 1 மணி, நாலு பாகத்துக்கு 4 மணி. 3 : ¾ = 4.

இதில் பிள்ளை முதலில் மூன்றால் வகுத்தது, பிறகு நாலால் பெருக்கியது. ¾ ஐக் கவிழ்த்து ⁴⁄₃ ஆல் பெருக்குவதும் அதேதான். விதி எங்கிருந்து வருகிறது என்பது இந்த ஒரு கோட்டில் தெரிந்துவிடும். பிள்ளை தானாகவே "அப்படியென்றால் கீழே உள்ளதால் பெருக்கி மேலே உள்ளதால் வகுத்தால் சரிதானே?" என்று கேட்கும் நாள் வரும். விதியைக் கொடுக்க வேண்டிய நாள் அது. அதன் பிறகு தாராளமாகக் கவிழ்க்கட்டும். பெரிய எண்களுக்கு அதைவிட வேகமான வழியில்லை.

மிஞ்சியது எதில்?

இதுவரை எல்லாம் சரியாக முடியும் எண்கள். தண்ணி 5 லீற்றர், போத்தல் ¾ லீற்றர் என்று மாற்றிப் பாருங்கள். 5 லீற்றரில் 20 கால். மூன்று மூன்றாக எடுத்தால் 6 போத்தல், 2 கால் மிச்சம். 2 கால் என்றால் அரை லீற்றர். ஆனால் விதிப்படி செய்த பிள்ளையின் கொப்பியில் ²⁰⁄₃, அதாவது 6⅔ இருக்கும். மிச்சம் ½ ஆ, ⅔ ஆ? வீட்டில் பெற்றோரும் பிள்ளையும் மோதிக்கொள்ளும் இடம் இது. இரண்டு பேரும் சரி.

⅔ என்பது போத்தலின் பங்கு. ஏழாவது போத்தலில் மூன்றில் இரண்டு பங்கு நிறைந்திருக்கிறது. ½ என்பது லீற்றர். ¾ லீற்றரின் ⅔ பங்கு எவ்வளவு என்று பாருங்கள், சரியாக ½ லீற்றர் வரும். இந்தக் கணக்கில் வகுத்தலின் விடை போத்தல் எண்ணிக்கையில்தான் வரும், லீற்றரில் வராது. இதைப் படத்தில் காட்டினால் ஒரு நிமிடம். சொல்லால் விளக்கப் போனால் ஒரு மாலை முழுவதும் போய்விடும்.

அதே 5 லீற்றரை வைத்து நாலு விதமாகக் கேட்கலாம், நாலுக்கும் விடை வேறு. எத்தனை போத்தல் முழுதாக நிரம்பும்? 6. எல்லாத் தண்ணியையும் ஊற்ற எத்தனை போத்தல் வேண்டும்? 7. முழுப் போத்தல்களை நிரப்பிய பின் எவ்வளவு மிஞ்சும்? அரை லீற்றர். 5 லீற்றர் என்பது போத்தலைப் போல எத்தனை மடங்கு? 6⅔. கணக்கைச் சரியாகச் செய்துவிட்டு இந்த நாலில் தவறானதை எழுதிப் புள்ளி இழக்கும் பிள்ளைகள் நிறையப் பேர். அதனால்தான் இங்குள்ள ரீச்சர்மார் கடைசியில் விடையை முழு வசனமாக எழுதச் சொல்கிறார்கள். அந்த வசனத்தைக் கணக்குச் செய்யுமுன், எண்ணுக்கு இடம் விட்டு எழுதப் பழக்குங்கள்: ‘__ போத்தல்கள் முழுதாக நிரம்பும்.’ எதைத் தேடுகிறோம் என்பது அப்போதே தெளிந்துவிடும். வீட்டில் கணக்கைத் தமிழில் பேசுங்கள், தயங்க வேண்டாம். யோசிப்பது எந்த மொழியிலும் நடக்கலாம். அந்த ஒரு வசனம் மட்டும் பள்ளி மொழியில் இருக்கட்டும்.

‘அரை’ என்று கண்டதும்

கணக்கில் ஒரு சொல்லைக் கண்டதும் இன்ன செய்கை என்று பழக்கும் முறை ஒன்று இருக்கிறது. ‘மொத்தம்’ என்றால் கூட்டு, ‘மிச்சம்’ என்றால் கழி. அந்த முறையை நான் ஏற்கவில்லை. பின்னத்தில் அது அடியோடு கவிழ்த்துவிடும். 8 மீற்றர் நாடாவை வைத்து இந்த மூன்றையும் பிள்ளையோடு சேர்ந்து, முடிந்தால் உண்மையான நாடாவில், செய்து பாருங்கள்.

8 மீற்றர் நாடாவில் அரைவாசியை வெட்டி எடு. விடை 4 மீற்றர். இது 8 × ½.

8 மீற்றர் நாடாவை அரை மீற்றர்த் துண்டுகளாக வெட்டு. விடை 16 துண்டு. இது 8 : ½.

அரை மீற்றர் நாடாவை 8 பேருக்குச் சமமாக வெட்டிக் கொடு. விடை ஆளுக்கு ¹⁄₁₆ மீற்றர். இது ½ : 8.

மூன்றிலும் அதே 8, அதே அரை. மூன்றாவதில் ஆளுக்கு 6 சென்ரிமீற்றரும் சொச்சமும்தான் கிடைக்கும் என்பதைப் பிள்ளை அளந்து பார்க்கட்டும். விடையின் அலகை முதலில் சொல்ல வைத்தால் (மீற்றரா, துண்டா, ஆளுக்கு மீற்றரா) எந்தச் செய்கை என்பது தானே தெரியும்.

இன்னொரு பிடியும் தர வேண்டும். பின்னத்தால் வகுத்தால் எப்போதும் கூடும் என்று பிள்ளை புதிதாக ஒரு தவறான பாடம் படித்துவிடக் கூடாது. ஒன்றைவிடச் சிறியதால் வகுத்தால்தான் கூடும். 9 லீற்றர் சூப்பை 1½ லீற்றர்ச் சட்டிகளில் ஊற்றினால் 6 சட்டி. 9ஐ விடக் குறைவு. விடை காணுமுன் ‘கூடுமா குறையுமா’ என்று ஊகித்து ஓரத்தில் எழுதி வைப்பது இந்த அத்தியாயத்தில் நான் சொல்லும் பழக்கங்களில் மிகப் பயனுள்ளது.

இந்த வாரம் போட்டுப் பார்க்க

ஒரு நாளைக்கு ஒன்று போதும். படம், ஊகம், விடை வசனம் மூன்றும் கட்டாயம், விதி விருப்பம்.

1. 12 பிராங்கை 20 ராப்பன் காசாக மாற்றினால் எத்தனை காசு?

2. ஒரு தரம் ரொட்டி சுட ⅔ கிலோ கோதுமை மா வேண்டும். 4 கிலோ மா எத்தனை தரத்துக்குக் காணும்?

3. ஒரு பிள்ளை தன் சேமிப்பின் ⅖ பங்கைக் கொடுத்து 30 பிராங்குக்குப் பந்து வாங்கினாள். சேமிப்பு எவ்வளவு இருந்தது?

4. 10 மீற்றர்க் கயிற்றை ¾ மீற்றர்த் துண்டுகளாக வெட்டினால் எத்தனை முழுத் துண்டு? எவ்வளவு கயிறு மிஞ்சும்?

5. அரைக் கிலோ தயிரை நாலு பேருக்குப் பகிர்ந்தால் ஆளுக்கு எவ்வளவு?

முதலாவதில் 20 ராப்பன் ⅕ பிராங்க் என்று கண்டால் போதும்: 60 காசு. இரண்டாவதற்கு 6 தரம். 4 கிலோவை மூன்றிலொன்றுகளாக மாற்றினால் 12, ஒரு தரத்துக்கு 2 போகிறது. மூன்றாவது ‘முழுதுக்கு எவ்வளவு’ வகை: இரண்டு பங்கு 30, ஒரு பங்கு 15, ஐந்து பங்கு 75 பிராங்க். பிள்ளை 12 என்று சொன்னால் 30 இன் ⅖ ஐ எடுத்துவிட்டது. 12 பிராங்க் வைத்துக்கொண்டு 30 பிராங்குக்குப் பந்து வாங்க முடியுமா என்று கேளுங்கள். நாலாவதில் 13 முழுத் துண்டு, கால் மீற்றர் மிச்சம். 13⅓ என்று எழுதியிருந்தால் அந்த ⅓ எதனுடைய பங்கு என்று கேட்டு விடுங்கள். ஐந்தாவது இந்த அத்தியாயத்தின் கணக்கே அல்ல: பின்னத்தை முழு எண்ணால் வகுக்க வேண்டும், ஆளுக்கு ⅛ கிலோ, அதாவது 125 கிராம். நாலு கணக்கு ஒரே மாதிரி வந்தபின் ஐந்தாவதையும் பிள்ளை வாசித்துப் பார்த்துத்தான் செய்கிறதா என்று தெரிந்துகொள்ள அதை அங்கே வைத்தேன். 8 என்று விடை வந்தால் அன்றைக்கு விட்டுவிடுங்கள். அடுத்த நாள் நாடாக் கணக்கு மூன்றையும் இன்னொரு தரம் வெட்டிப் பார்த்துவிட்டு ஐந்தாவதுக்கு வாருங்கள்.